சொல்லற்ற துயர்

ஒருவர் தம் துயரை வென்றார் என்று எப்போது கூறலாம்? அதனை மறந்தபோதா, மறவாமலே தம் தொழிலுக்கு மீண்டபோதா? யப்பானிய நெறியாளர் கனெத்தோ ஷிந்தோ 1960ஆம் ஆண்டில் உருவாக்கிய ‘ஹதகா நோ ஷிமா’ (வெற்றுத் தீவு) என்னும் திரைப்படம் இவ்வினாவை எழுப்புகின்றது. ஊமைப்படக் காலம் கழிந்தபின் வந்ததாயினும், அதில் இசையும் இயற்கையொலியும் உண்டேயன்றி உரையாடல் ஏறத்தாழ இல்லை. 1961இல் மொஸ்கோ திரைப்பட விழாவில் அது உயர்பரிசு பெற்றது.

நன்னீரற்ற சிறுதீவொன்றில் கணவனும் மனைவியும் இரு மைந்தரும் வாழ்கின்றனர். அயல்நிலத்திலிருந்து ஓடத்திற் கொணரும் நீரைத் தோளிற் சுமந்து, குன்றேறிப் பயிருக்கு வார்ப்பதிலேயே அவர்தம் நாட்கள் கழிகின்றன. மூத்த மகன் நோயுறுகின்றான். தந்தை மருத்துவரை அழைத்து வருமுன் இறந்துவிடுகின்றான். அடக்கம் முடிந்ததும் பெற்றோர் மீண்டும் நீர் சுமக்கின்றனர். ஒருநாள் தாய் திடீரென நீரைக் கவிழ்த்து, பயிரைப் பிடுங்கி எறிந்து, மண்ணில் வீழ்ந்து கதறுகின்றாள். முன்பு நீர் சிந்தியதற்காக அவளை அறைந்த கணவன் இப்போது வாளாநிற்கின்றான். சற்றுப்பின் அவள் எழுந்து, எஞ்சிய பயிருக்கு நீர் வார்க்கின்றாள்.

திருக்குறளின் இடுக்கணழியாமை என்னும் அதிகாரம் துன்பத்தை நகைத்து எதிர்கொள்ளும் திண்மையைப் போற்றுகின்றது. இத்தாய் நகைக்கவில்லை, அழுதே எழுகின்றாள். அழுகை வேறு, அழிவு வேறு என்பதற்கு அவளே சான்று. தமிழ்க் கிராமத்து ஒப்பாரியும் இவ்வுண்மையை உணர்ந்ததே. அங்கு துயருக்கு ஊரார் ஒரு பொழுதையும் ஓர் இசையையும் ஒதுக்கினர், உடனிருந்து அழுதனர். தீவுத் தாய்க்கோ அழுவதற்கு மண் ஒன்றே துணை.

எனினும், அவள் எழுந்தது மனவுறுதியால் மட்டுமா? நீர் வாராவிடின் பயிர் கருகும். எஞ்சிய மகன் பசித்திருப்பான். வறியோரின் மீட்சியில் உறுதியும் நிர்ப்பந்தமும் பிரிக்கவியலாது கலந்துள்ளன. பல்லேகலையை அடுத்த தும்பறைப் பள்ளத்தாக்கிலும் இதனைக் காணலாம். 1980களில் விக்டோரியா நீர்த்தேக்கம் அமைந்தபோது பழைய தெல்தெனிய நகரும் அயற்கிராமங்களும் நீருள் மூழ்கின. நாடு 210 மெகாவாற் மின்வலுவைப் பெற்றது. குடிபெயர்ந்தோர் புதுமண்ணில் மீண்டும் விதைத்தனர். அவர்தம் உறுதி போற்றற்குரியது. ஆயினும், அவர்கள் மீண்டனர் என்பதால் இழப்புச் சிறிதெனக் கொள்வது அறமாகாது.

மீண்டெழுவது துயருற்றோரின் பெருமை. அதனை அவர்களிடம் எதிர்பார்த்திருக்கும் உரிமை பிறர்க்கில்லை. மருத்துவரை உரிய வேளையில் தீவுக்குச் சேர்ப்பதும், அழுவோர் அழுது முடிக்கும்வரை உடனிருப்பதுமே சமூகத்தின் கடன். அக்கடனை ஆற்றாது அவர்தம் பொறுமையை மட்டும் புகழ்வது, அறைந்த கையாலேயே கண்ணீரைத் துடைப்பதற்கு ஒப்பாகும்.