பெயரறியக் கொல்லலாமோ?

உயிர்களிடத்து அன்பு வேண்டும் என்று எல்லாச் சமயங்களும் கூறும். அவ்வுயிர்களைப் புலன்களின் எண்ணிக்கையால் வகுத்து, ஒவ்வொன்றுக்கும் உரிய இடத்தைக் காட்டியது சமணம். வண்டினத்தை மெய், வாய், மூக்கு, கண் என்னும் நான்கு புலன்களை உடைய உயிர்களுள் வைத்தனர் நம் முன்னோர். தொல்காப்பிய மரபியலும் தும்பியை நாலறிவுயிர் என்றே கொள்ளும். ஆயினும், வண்டு என்னும் ஒரு சொல்லோடு நின்றுவிட்ட நம்மிடம், எந்த வண்டு, எதனை உண்பது, எங்கே முட்டையிடுவது என்று கேட்டால் நம்முள் பலர் விடை கூற இயலாது விழிப்போம். இக்குறையை எனக்கு உணர்த்தியவள் என் பேத்தி.

வேளாண் பட்டப் படிப்பில் இருக்கும் அவள், சென்ற மாசித் திங்களில் திண்டிவனத்தை அடுத்த எங்கள் சிற்றூருக்கு வந்திருந்தாள். பூச்சிகளைப் பிடித்து, நச்சுப் புட்டியில் இட்டுக் கொன்று, ஊசியில் குத்திப் பெட்டியில் அடுக்கி ஒப்படைப்பது அவள் பாடத்தில் ஒரு பகுதி. மார்கழிப் பட்டத்து மல்லாட்டை பூத்திருந்த கொல்லைக்கு இருவரும் சென்றோம். ஒரு செடியின் கொழுந்தில் அசுவினி என்னும் செடிப்பேன்கள் கருமையாய் மொய்த்திருந்தன. அவற்றின் நடுவே, பிளந்த துவரம்பருப்பைக் கவிழ்த்து வைத்தாற்போல் ஒரு பொறிவண்டு இருந்தது. புட்டியின் மூடியைத் திறந்தவள், சிறிது நேரம் நின்று, மீண்டும் மூடினாள். "தாத்தா, இதன் பெயரை அறிந்துகொள்ள இதைக் கொல்லத்தான் வேண்டுமா?" என்று கேட்டாள்.

"கூடாது" என்று ஒரே சொல்லில் முடித்திருக்கலாம். என் நா எழவில்லை. காரணத்தைக் கூறிவிடுகிறேன்.

அச்செடியின் அடியிலைகளைப் புரட்டியபோது, முதலையின் வடிவில், கரிய உடலில் வெளிறிய திட்டுகளோடு சில புழுக்கள் ஊர்ந்தன. "இவையும் பொறிவண்டுகளே, அவற்றின் குஞ்சுகள்" என்றாள் பேத்தி. இலையின் கீழ் மஞ்சள் நிறத்தில் கொத்தாக இடப்படும் முட்டையிலிருந்து வெளிவந்து, நான்கு பருவங்களாக வளர்ந்து, கூட்டுப்புழுவாகி, பின்னரே இந்த அழகிய வண்டு உருவாகிறது. நம் வெப்பத்தில் இவ்வளவும் இரண்டு மூன்று வாரங்களுள் முடிந்துவிடும். புழுப் பருவத்திலும் அசுவினியே அதன் உணவு. நான் திடுக்கிட்டேன். சில ஆண்டுகளுக்கு முன், வரப்பில் இட்ட காராமணியில் இதே புழுக்களைக் கண்டு, பயிரைத் தின்ன வந்தவை என்று எண்ணி, ஒன்று விடாமல் மருந்தடித்தவன் நான். அதே நாளில் அந்தி சாயுமுன் உணவு கொண்டவனும் நானே. இரவில் விளக்கில் விழும் விட்டிலுக்கு அஞ்சிய நான், பகலில் அறியாமையால் கொன்றதை எண்ணிப் பார்க்கவில்லை.

கருத்தின்மையால் உயிருக்கு ஊறு செய்தலே இம்சை என்று நம் நூல்கள் வரையறுக்கின்றன. காணக்கூடியதைக் காணாமல் இருத்தலும் கருத்தின்மையே அன்றோ? முனிவர்கள் மயிற்பீலி ஏந்துவது, அமரும் இடத்தில் என்ன உயிர் உள்ளது என்று முதலில் பார்ப்பதற்காகவே. உழவனுக்கும் அத்தகைய பார்வை ஒன்று வேண்டும். பூச்சிகளை இனங்கண்டறிதல் அப்பார்வையாகும். ஆகவே அது கல்லூரிக்கு மட்டும் உரிய கல்வி என்று ஒதுக்கத் தக்கதன்று.

அன்று அந்தப் பொறிவண்டைக் கொல்லாமலே பெயரறிந்தோம். ஆரஞ்சு கலந்த மஞ்சள் முதுகில், அலையலையாக வளைந்த கரிய கோடுகள் இருந்தன. 1781-ஆம் ஆண்டில் டென்மார்க்கைச் சேர்ந்த ஃபேப்ரிசியஸ் என்னும் அறிஞர் இதற்கு ஆறு புள்ளியுடையது என்னும் பொருளில் பெயரிட்டார். இன்று செய்லோமெனிஸ் செக்ஸ்மேக்குலேட்டா என வழங்குகிறது. வட இந்தியக் கடுகு வயல்களில் மிகுதியாகக் காணும் இனத்திற்கு ஏழு புள்ளிகள். புள்ளிகளின் எண்ணிக்கை வண்டின் வயதைக் காட்டும் என்பது தவறான நம்பிக்கை. அது இனத்தையும் இனத்துக்குள் அமையும் வேறுபாட்டையுமே காட்டும். மெல்லத் தொட்டால் கால் மூட்டுகளிலிருந்து கசப்பான மஞ்சள் நீரைக் கசியவிட்டுத் தன்னைக் காத்துக்கொள்ளும் இயல்பும் பொறிவண்டுக்கு உண்டு.

மறுநாள் விழுப்புரத்தை அடுத்த உறவினர் ஒருவரின் கத்தரித் தோட்டத்திற்குச் சென்றோம். அங்கே இருந்ததும் பொறிவண்டுக் குடும்பத்தைச் சேர்ந்ததே. ஆனால் அதன் முதுகில் பளபளப்பு இல்லை, நுண்ணிய மயிர் படர்ந்து மங்கியிருந்தது, இருபத்தெட்டுப் புள்ளிகள். இலையின் பச்சையைச் சுரண்டித் தின்று, சல்லடைபோல் ஆக்கிவிடும் இனம் அது. மல்லாட்டைக் கொல்லையில் போற்றப்படுவதும் கத்தரித் தோட்டத்தில் வெறுக்கப்படுவதும் ஒரே குடும்பத்து உயிர்கள். நண்பன், பகைவன் என்பன நம் விளைச்சல் கணக்கில் எழுந்த சொற்கள். அவ்வுயிர்கள் அவற்றை அறியா.

இனி, மறுதரப்பாரின் கூற்றையும் நேர்மையோடு கேட்க வேண்டும். உலகில் ஏறத்தாழ ஆறாயிரம் பொறிவண்டு இனங்கள் உள்ளன. அவற்றுள் ஓரிரு மில்லிமீட்டர் அளவே உள்ளவை பல. ஆண் வண்டின் உள்ளுறுப்பை நுண்ணோக்கியில் ஆராயாமல் அவற்றைப் பிரித்தறிய இயலாது. இந்தியத் துணைக்கண்டத்துப் பொறிவண்டுகளின் விரிவான பட்டியலை அறிஞர் ஜே. பூரணி அவர்கள் 2002-ஆம் ஆண்டில் வெளியிட்டார். அத்தகைய பணிகளுக்கு அடிப்படை, அருங்காட்சியகங்களில் காக்கப்படும் உயிரற்ற வண்டுகளே. அவை இல்லையேல், கொல்லாமல் பெயரறிய எங்களுக்குத் துணை நின்ற படங்களும் இல்லை. செய்தல், செய்வித்தல், உடன்படுதல் என்னும் மூன்றனுள், நாங்கள் மூன்றாவதில் நிற்கிறோமோ என்ற ஐயம் என்னை வருத்தியது.

நெடிது சிந்தித்து நான் கண்ட விடை இது. பிறர் கொன்றதன் பயனை நுகர்ந்துவிட்டு, என் கை தூயது என்று கூறுதல் பொய்ம்மையாகும். ஆயினும், ஏற்கெனவே நிகழ்ந்த இழப்பிலிருந்து பெற்ற அறிவைக் கொண்டு மேலும் நிகழவிருக்கும் கொலையைத் தடுப்பது நம் கடன். அரிய இனத்தை வரையறுக்க அறிஞர் ஒருவர் அஞ்சி அஞ்சி எடுக்கும் ஓர் உயிருக்கும், எல்லோரும் அறிந்த அதே வண்டை ஆண்டுதோறும் எண்ணற்ற மாணவர் பெட்டிக்காகக் கொல்வதற்கும் பெரும் வேறுபாடு உண்டு. முன்னதை இல்லறத்தானாகிய நான் தீர்ப்பிடத் துணியேன். பின்னதால் புதிய அறிவு எதுவும் விளைவதில்லை. அது தேவையற்ற சங்கற்ப இம்சை.

மற்றொரு வினாவும் உண்டு. பொறிவண்டு தன் வாழ்நாளில் நூற்றுக்கணக்கான அசுவினிகளைத் தின்கிறது. அதனை உழவனின் நண்பன் என்று புகழ்வது, கொலையைப் புகழ்வது ஆகாதோ? 1888-ஆம் ஆண்டில் ஆஸ்திரேலியாவிலிருந்து கொணர்ந்த வெடாலியா என்னும் பொறிவண்டு கலிபோர்னியாவின் ஆரஞ்சுத் தோட்டங்களைச் செதில் பூச்சியிலிருந்து காத்தது. 1898-இல் மற்றோர் ஆஸ்திரேலியப் பொறிவண்டு இந்தியாவுக்கு வந்தது. மாவுப்பூச்சியை உண்ண இன்றும் அது தோட்டங்களில் விடப்படுகிறது. ஆனால், இவ்வாறே ஆசியாவிலிருந்து மேலைநாடுகளுக்குக் கொண்டு செல்லப்பட்ட ஹார்மோனியா என்னும் இனம் கட்டுக்கடங்காது பரவி, 2004-இல் பிரிட்டனிலும் காணப்பட்டு, அந்நாட்டுப் பொறிவண்டுகள் அருகக் காரணமாயிற்று.

பொறிவண்டுக்கு நோன்பு இல்லை; உண்பது அதன் இயல்பு. அதனைப் படையென வளர்த்து ஏவுபவன் செய்விப்பவன் ஆகிறான். தன் கொல்லையில் தானே வந்து வாழ்வதை, நஞ்சு தெளிக்காமல் இருக்க விடுபவனோ, தன் கையை அடக்குபவன். முதலாமவன் நஞ்சினும் குறைந்த தீமையைத் தேர்ந்திருக்கலாம். ஆயினும் அதனை அகிம்சை என்று பெயரிட்டு மகிழ்தல் தகாது. தமிழ்ச் சமணருள் பெரும்பாலோர் வழிவழியாக உழவர். உழுதலில் இம்சை உண்டு என்பதை ஒப்புக்கொண்டே, அதனை நாள்தோறும் குறைத்துவர முயல்வது நம் அறம்.

பேத்தி தன் பெட்டியில், தெருவிளக்கின் கீழும் சிலந்தி வலையிலும் இறந்து கிடந்த பூச்சிகளை மட்டுமே வைத்தாள். மற்றவற்றிற்கு, கண்ட நாள், செடி, இடம், படம், அளவு ஆகியவற்றைக் குறித்த ஏடு ஒன்றை அளித்தாள். பெட்டியில் எண்ணிக்கை குறைந்ததால் மதிப்பெண்ணும் குறைந்தது. "போகட்டும் தாத்தா. ஒரே செடியை ஒன்பது நாள் பார்த்தேன். புழு கூடாகி வண்டாகிப் பறந்ததை வேறு யாரும் எழுதவில்லை" என்றாள்.

டி.எம்.வி. என்னும் எழுத்துகளோடு வழங்கும் மணிலா இரகங்கள், திண்டிவனம் எண்ணெய் வித்து ஆராய்ச்சி நிலையம் தந்தவை; அவ்வெழுத்துகள் நம் ஊரின் பெயரையே சுமந்துள்ளன. அம்மல்லாட்டையை விதைக்கும் நம் அன்பர்களை ஒன்று வேண்டுகிறேன். மருந்துத் தெளிப்பானைத் தோளில் ஏற்றுமுன், கொல்லையின் நான்கு மூலைகளிலும் நடுவிலுமாகப் பத்துச் செடிகளின் இலைகளைப் புரட்டிப் பாருங்கள். முதலை வடிவப் புழு ஒன்றேனும் தென்பட்டால், அன்று தெளிப்பானை இறக்கி வைத்துவிட்டு, மூன்று நாள் சென்று மீண்டும் வந்து பாருங்கள். நான் அன்று பாராமல் போன இலைகளை நீங்களேனும் பாருங்கள்.