எழுதிக் கொடுத்த வீடு

நாகப்பட்டினம் மாவட்டத்தில் ஒரு மூதாட்டி தம் சொத்தை மகனுக்கு செட்டில்மென்ட் எழுதிக் கொடுத்தார். மகன் இறந்தபின் மருமகள் கவனிக்கவில்லை என்று கோட்டாட்சியரிடம் முறையிட்டார், பத்திரம் ரத்தானது. 2025 மார்ச்சில் சென்னை உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்தது. பராமரிக்க வேண்டும் என்று பத்திரத்தில் ஒரு வரி இல்லாவிட்டாலும், அன்பை நம்பிக் கொடுத்ததிலேயே அந்த நிபந்தனை அடங்கியிருக்கிறது என்றது தீர்ப்பு. அறமும் அதுவே. பத்திரம் கைமாறலாம், பெற்றவளின் இடம் கைமாறாது.

நம் திருத்தணியிலும் இந்தத் துயரம் புதிதல்ல. பதிவு முடிந்த சில மாதங்களில் அம்மாவின் கட்டில் திண்ணைக்கு வந்துவிடுகிறது. தட்டு தனி, டம்ளர் தனி. உள்ளே கலகலப்பாக நடக்கும் பேச்சு, அவள் வாசற்படியில் கால் வைத்ததும் நின்றுபோகிறது. அடியில்லை, வசவில்லை, புகார் சொல்ல எதுவுமில்லை. ஒரே கூரையின் கீழ் ஓர் உயிர் இல்லாததாக்கப்படுகிறது.

வள்ளுவர் விருந்தோம்பலில் என்ன சொன்னார்? விருந்தினர் வெளியே இருக்க, உள்ளே தனித்து உண்பது சாவா மருந்தே ஆனாலும் தகாது என்றார். வந்துபோகும் விருந்தினருக்கே இந்த நீதி என்றால், அந்த வீட்டையே கொடுத்தவளுக்கு? செய்ந்நன்றி கொன்றவனுக்கு உய்வில்லை என்றவரும் அவரே. ஔவையார் கொன்றைவேந்தனைத் தாய் தந்தையரிடமிருந்துதான் தொடங்குகிறார். கோயில் வழிபாடு அடுத்த வரியில்தான் வருகிறது.

மருமகளுக்கும் உரிமை உண்டு. மூத்த குடிமக்கள் சட்டத்தைக் காட்டி அவளை எளிதில் வெளியேற்றிவிட முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2020இல் கூறியது. நியாயமே. ஆனால் அவளுடைய உரிமை, முதியவளைத் திண்ணையில் தள்ளும் உரிமை ஆகாது.

2007ஆம் ஆண்டின் அந்தச் சட்டப்படி கோட்டாட்சியரிடம் மனுக் கொடுத்தால் மாதம் 10,000 ரூபாய் வரை ஜீவனாம்சம் கிடைக்கலாம். பத்திரமும் திரும்பலாம். நின்றுபோன பேச்சை எந்த ஆணையும் மீட்டுத் தராது. அதை மக்கள்தான் மீட்க வேண்டும்.

முருகன் சினம் தணிந்த இடம் என்பதால் நம் ஊர் தணிகை. ஆடிக் கிருத்திகைக்குக் காவடி எடுப்பவர்களே, புத்தாண்டில் 365 படிகளையும் ஏறுபவர்களே, முதலில் உங்கள் வீட்டுத் திண்ணையில் உட்காருங்கள். "சாப்பிட்டியாம்மா?" என்று கேளுங்கள். கையைப் பிடித்து உள்ளே அழைத்து வந்து, பக்கத்தில் உட்கார வைத்துச் சோறு போடுங்கள். அதன்பிறகு மலை ஏறுங்கள்.