வெட்டாமல் விட்ட நடை

ஒருவர் கொளுத்தும் வெயிலில் அரை நாள் நடக்கிறார். திரையில் அதைச் சொல்ல மூன்று ஷாட் போதும்: கிளம்பிய வீடு, நடுவழி, போய்ச் சேர்ந்த ஊர். கதை புரிந்துவிடும். ஆனா, அந்த நடை அவரை என்ன பாடுபடுத்தியது என்பது நமக்கு வந்து சேருமா? அடுத்தவர் பட்ட பாட்டைச் சுருக்க ஒரு எடிட்டருக்கு என்ன உரிமை?

பி. எஸ். வினோத்ராஜின் ‘கூழாங்கல்’ (2021) இந்தக் கேள்வியோடு நம்மை உட்கார வைக்கிறது. மதுரையை அடுத்த மேலூர்ப் பக்கத்து வறண்ட பூமி. கோபித்துக்கொண்டு தாய்வீடு போன மனைவியைக் கூட்டிவர, பள்ளிக்கூடத்திலிருந்து மகன் வேலுவையும் இழுத்துக்கொண்டு கிளம்புகிறார் குடிகாரக் கணபதி. திரும்பும் வழியெல்லாம் நடை. ஒளிப்பதிவாளர்கள் விக்னேஷ் குமுளையும் ஜெய பார்த்திபனும் கேமராவை அவர்கள் கூடவே நடக்க விடுகிறார்கள். ‘இங்கே வெட்டிடுவாங்க’ என்று நாம் நினைக்கிற இடத்தில் எடிட்டர் கணேஷ் சிவா வெட்டுவதில்லை. மென்பொருள் எழுதுகிற எங்களுக்கு யாரையும் காக்க வைப்பது குறை; மூணு செகண்ட் தாமதம் என்றாலே சரிசெய்யச் சொல்வார்கள். அந்தப் பழக்கத்தோடு பார்த்தால் இந்தப் படம் முதலில் எரிச்சலூட்டும்.

சரி, ஷாட்டை நீட்டினால் அறம் வந்துவிடுமா? வராது. ரோட்டர்டாமில் டைகர் விருது வாங்கிய படம் இது. வறுமையை நிதானமாக ரசிக்கவும் ஒரு கூட்டம் உண்டு என்று யாராவது சொன்னால் சட்டென்று மறுக்க முடியாது. இதே மதுரை வட்டாரத்துக் கதையான ‘பருத்திவீர’னைத் தொகுத்து ராஜா முகமது தேசிய விருது வாங்கினார். அதன் திருவிழாத் துள்ளலுக்கு வேகமான வெட்டுதான் நியாயம். யோசித்தால், ‘கூழாங்க’ல்லும் வெட்டிய படம்தான். ஒரு பகலை ஒண்ணேகால் மணி நேரமாக்கியிருக்கிறார்கள்.

ஆக, எவ்வளவு வெட்டினார்கள் என்பதல்ல கேள்வி. யார் வசதிக்காக வெட்டினார்கள், வெட்டியதற்கு அடையாளம் விட்டுவைத்தார்களா என்பதுதான்.

தாகத்துக்கு ஒரு கூழாங்கல்லை வாயில் அடக்கிக்கொண்டு நடக்கிறான் வேலு. வீட்டுக்கு வந்து அதை வைக்கிற இடத்தில் ஏற்கெனவே கற்கள் சேர்ந்து கிடக்கின்றன. நமக்குக் காட்டாத நடைகளின் கணக்கு அது.

முடிவில், ஊற்றுக்குழியில் கசியும் தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாக மொண்டு குடத்தில் ஊற்றுகிறார்கள் பெண்கள். ஷாட் அவசரப்படாமல் நிற்கிறது. நாம் பார்த்துக்கொண்டிருப்பதால் அவர்கள் சிரமம் குறையாது. ஆனால் ‘தண்ணி எடுத்தாங்க’ என்று இரண்டே வார்த்தையில் அதை இனி கடந்துபோக முடியாது. ஒரு எடிட்டரால் செய்ய முடிகிற நியாயம் அந்த அளவுதான்; அதையாவது செய்திருக்கிறார்.