இரண்டு கட்டங்களுக்கு நடுவே

சித்திரக்கதையில் ஒரு நொடிக்கு ஆறு கட்டம் ஒதுக்கலாம். பத்து வருடத்தை ஒரு வெள்ளை இடைவெளியில் தாண்டிவிடலாம். யாருடைய நொடி விரிகிறது, யாருடைய வருடங்கள் மறைகின்றன என்பதை வரைபவர் தீர்மானிக்கிறார். அதனால் கதையின் வேகம் வெறும் உத்தி என்று என்னால் எடுத்துக்கொள்ள முடியவில்லை. அதில் நியாயமும் இருக்கிறது.

சிவகாசியிலிருந்து 1972இல் முத்து காமிக்ஸும் 1984இல் லயன் காமிக்ஸும் வந்தன. இந்த வகை சாகசக் கதைகளில் துப்பாக்கியை எடுக்க ஒரு கட்டம், குறிபார்க்க ஒன்று, சுட ஒன்று. பிறகு 'மறுநாள் காலை' என்று ஒரு பெட்டி. அந்த இரவில் சோறு வடித்தவளும் காயம் கழுவியவளும் தூங்காமல் காத்திருந்தவளும் அந்தப் பெட்டிக்குள் போய்விடுவார்கள். லயனின் முதல் இதழ் நாயகியே மாடஸ்டி என்ற பெண்தான். ஆனால் அவளுக்கும் கிடைத்தது சாகச நாயகனின் வேகம். ஆளை மாற்றினால் மட்டும் நேரத்தின் பங்கீடு மாறிவிடாது.

அப்படியென்றால் எல்லாவற்றையும் நிதானமாக வரைந்து காட்டிவிடலாமா? பெண்ணின் துயரத்தை அங்குலம் அங்குலமாகக் காட்டினால் அதுவே வேடிக்கையாகிவிடும். தமிழில் விடியல் பதிப்பகம் வெளியிட்ட மர்ஜான் சத்ரபியின் ஈரானியக் கதையில், ஏவுகணை விழுந்த பக்கத்து வீட்டு இடிபாட்டில் சிறுமி மர்ஜி தன் தோழியின் வளையலைப் பார்க்கிறாள். கடைசிக் கட்டம் முழுக் கறுப்பு. தோழியின் உடலை நமக்குக் காட்டவில்லை. நம்மைத் தாண்டிப் போகவும் விடவில்லை.

எங்கள் மண்ணுக்கு வருகிறேன். பெண் சிசுக்கொலையைத் தடுக்கத் தமிழக அரசு 1992இல் தொட்டில் குழந்தைத் திட்டத்தைச் சேலத்தில் தொடங்கியது. நாமக்கல்லும் அப்போது சேலம் மாவட்டத்தில்தான் இருந்தது. இந்தக் கதையை நாம் இரண்டே கட்டத்தில் சொல்லிப் பழகிவிட்டோம்: காலித் தொட்டில், அடுத்து தொட்டிலில் குழந்தை. நடுவில் விடுபடுவது, பால் கட்டிய மார்போடு ஒருத்தி நடந்து வந்த தூரம்.

அந்த இடைவெளியை வரையலாமா என்று வகுப்பில் கேட்டேன். "பேரு தெரியாம விட்டுட்டுப் போகத்தானே மேடம் தொட்டில் வச்சாங்க? அவ மொகத்த நாம எதுக்கு வரையணும்?" என்றாள் ஒரு மாணவி.

அவள் சொன்னது சரி. அந்தத் தாயின் முகம் இடைவெளியிலேயே இருக்கட்டும். ஆனால் "இதுவும் பொட்டப்புள்ளையா?" என்று கேட்டு முடிவெடுத்த திண்ணைக்கு, அங்கே உட்கார்ந்திருந்த ஒவ்வொருவருக்கும், ஒரு முழுக் கட்டம் வேண்டும்.