அறுந்த இழை

சோமனூர்ப் பக்கம் தறி ஓட்டுகிறவர்களைக் கேட்டுப் பாருங்கள். பாவில் ஓர் இழை அறுந்தால் தறியை நிறுத்தி, நுனிகளைத் தேடி முடிச்சுப் போடுவார்கள். கவனிக்காமல் ஓட்டினால் துணி வளரும். கூடவே அதில் விழுந்த கோடும் வளரும்.

மனிதர்களுக்குள் அறுந்த இழையும் அப்படித்தான். இலங்கையில் போர் 2009 மே மாதம் முடிந்தது. 1981-இல் எரிக்கப்பட்ட யாழ்ப்பாணப் பொது நூலகம் மறுபடியும் எழுந்து நிற்கிறது. 1990-இல் நின்றுபோன யாழ்தேவி ரயில் 2014-இல் மீண்டும் யாழ்ப்பாணம் போனது. கல் சேர்ந்தது, தண்டவாளம் சேர்ந்தது. ஆனால் காணாமல் ஆக்கப்பட்டவர்களின் தாய்மார் 2017-இல் கிளிநொச்சித் தெருவோரம் அமர்ந்து கேட்கத் தொடங்கிய கேள்விக்கு இன்னும் பதில் இல்லை.

இங்கே கோவை பூலுவபட்டியிலும் ஈரோடு பவானிசாகரிலும், இலங்கையிலிருந்து அகதிகளாக வந்தவர்களின் முகாமிலேயே பிறந்த பிள்ளைகள் பெரியவர்களாகிவிட்டார்கள். 2021-இல் 'அகதிகள் முகாம்' என்ற பெயர் 'மறுவாழ்வு முகாம்' என்று மாறியது. நல்ல மாற்றம்தான். ஆனாலும் 'உன் ஊர் எது?' என்றால் அந்தப் பிள்ளை ஒரு நொடி தயங்குகிறது.

கட்டடம் எழுப்பக் காசு போதும். மனிதர்களைச் சேர்க்க, எங்கே அறுந்தது என்று குனிந்து பார்க்கிற பொறுமை வேண்டும்.