பூமாலை வேண்டாம், காரணம் வேண்டும்!

செப்டம்பர் 5ஆம் நாள் ஆசிரியர் தின விழாவில் அவருக்கு மாலை சூட்டினர். ஏப்ரல் திங்கள் முடிவில், "இனி வரவேண்டாம்" என்றனர். நான் பணியாற்றிய தனியார் பள்ளியில் அறிவியல் கற்பித்த நண்பர் ஒருவரின் கதை இது. கிரகணப் பாடம் நடத்துகையில், பாம்பு கதிரவனை விழுங்குகிறது என்னும் கதையைப் பிள்ளைகளே ஆராயட்டும் என்று விட்டார் அவர். பெற்றோர் ஒருவர் முறையிட்டதாகப் பேச்சு. அதுதான் நீக்கத்திற்குக் காரணமா? அறியேன். காரணமே சொல்லப்படவில்லை, என் வழக்கே அதுதான்!

ஆசிரியர் அறையில் ஒன்பது பேர் இருந்தோம். ஒருவரும் வாய் திறந்தோமில்லை. திருத்திக்கொண்டிருந்த தேர்வுத் தாள்களில் முகம் புதைத்தோம். ஜூன் திங்களில் பள்ளி திறந்ததும் ஒரு மாணவி எழுந்து, "சார் ஏன் வரவில்லை?" என்று கேட்டாள். வினாத் தொடுக்கப் பயிற்றுவிக்க வேண்டிய நான், "பாடத்தைப் பார்" என்றேன். அந்த வெட்கமே இன்று இதை எழுத வைக்கிறது.

தோழர்களே! தன்னை ஏன் விரட்டினர் என்று கேட்க உரிமையற்றவன், ஏன் என்று கேட்கும் துணிவை இளைஞர்க்கு ஊட்ட முடியுமா? அஞ்சி வாழும் ஆசானிடம் அஞ்சாமையையா கற்பார்கள் பிள்ளைகள்?

"ஆசிரியத் தொழில் புனிதமானது, அதில் உரிமை, சட்டம் என்ற பேச்சு ஏன்?" என்பர் சிலர். புனிதம்! எவ்வளவு இனிக்கும் சொல்! அந்த இனிப்புக்குள் இருக்கும் கசப்பைக் கோவாவிலிருந்து வந்த ஒரு வழக்கு காட்டிற்று. அங்கே தனியார் பள்ளி ஆசிரியை சுந்தராம்பாள் 1975இல் வேலையிலிருந்து நீக்கப்பட்டார். 1947ஆம் ஆண்டுத் தொழில் தகராறுச் சட்டத்தின்படி நீதி கேட்டார். 1988இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது: கல்வி புகட்டுவது உயர்ந்த பணி, ஒரு தொண்டு, உடலுழைப்பு, எழுத்தர் வேலை முதலியவற்றோடு அதனைச் சேர்த்தெண்ண இயலாது, ஆகவே ஆசிரியர் அச்சட்டம் கூறும் 'தொழிலாளி' ஆகார். எண்ணிப் பாருங்கள்! பள்ளியில் கணக்கெழுதுபவருக்குத் திறந்த கதவு, பாடம் சொல்பவருக்கு மூடப்பட்டது. உயர்த்திய சொல்லே உரிமையைப் பறித்தது. ஆயினும், ஆசிரியர்களின் குறை தீர்க்கத் தனிச் சட்டம் வேண்டும் என்பதையும் அந்த நீதிமன்றமே சுட்டிக்காட்டியது என்பதை மறைப்பது நேர்மையாகாது.

அரசுப் பள்ளி ஆசிரியருக்கு அரசியலமைப்பின் 311ஆம் பிரிவு அரணாக நிற்கிறது. குற்றச்சாட்டைத் தெரிவித்து, விசாரணை நடத்தி, மறுமொழி கூற வாய்ப்பளித்த பின்னரே நீக்கலாம் என்பது பொதுவிதி. தனியார் பள்ளிகளுக்கோ தமிழ்நாட்டில் 1973ஆம் ஆண்டுச் சட்டம் ஒரு வேலி அமைத்தது. உரிய கல்வி அதிகாரியின் முன்னொப்புதல் பெறாமல் ஆசிரியரை நீக்கலாகாது என்றது. பின்னர் 2018ஆம் ஆண்டுச் சட்டம் அதன் இடத்தைப் பெற்றது. ஆனால் ஏட்டில் உள்ள வேலி எட்டாத இடங்கள் உண்டு. நியமன ஆணையே தராத பள்ளிகள், மூலச் சான்றிதழ்களை வாங்கி வைத்துக்கொள்ளும் பள்ளிகள், தேதியிடாத விலகல் கடிதத்தில் முன்கூட்டியே கையொப்பம் பெறும் பள்ளிகள் உண்டே! அங்கே நீக்கம் என்று ஒன்று நடப்பதே இல்லை. எல்லாரும் 'தாமே விலகிக்கொள்கின்றனர்'!

"கடமை தவறியவரையும் இச்சட்டம் காப்பாற்றிவிடாதா?" என்று கேட்பது நியாயமான கேள்வியே. வகுப்புக்கே வராதவர், பிள்ளையைத் துன்புறுத்துபவர் வெளியேற்றப்படத்தான் வேண்டும். அதைச் சட்டம் தடுக்கவில்லை. குற்றம் இன்னதென்று கூறு, சான்று காட்டு, அவர் பதிலைக் கேள், பிறகு தீர்ப்புச் சொல் என்கிறது. விசாரணை இழுத்தடிக்கப்பட்டால், விரைவுபடுத்த வழி காண்போம். அதற்காக விசாரணையையே ஒழிப்பது, நெல்லில் பதர் உண்டென்று களத்துக்கே தீ வைப்பதாகும்.

இப்பாதுகாப்பு ஆசிரியரின் வயிற்றுக்காக மட்டுமா? அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தில் பிக்கரிங் என்னும் ஆசிரியர், கல்விக்கும் விளையாட்டுக்கும் பள்ளி வாரியம் பணத்தைப் பங்கிட்ட முறையைக் கண்டித்து, 1964இல் செய்தித்தாளுக்குக் கடிதம் எழுதினார். வேலை போயிற்று. 1968இல் அந்நாட்டு உச்சநீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. தீர்ப்பை எழுதியவர், கறுப்பின மக்களின் உரிமைக்காகப் பல்லாண்டு வழக்காடிய தர்குட் மார்ஷல். பள்ளிப் பணம் எவ்வாறு செலவாக வேண்டும் என்பதை நன்கறிந்தவர்கள் ஆசிரியர்களே. பழிவாங்கப்படும் அச்சமின்றி அவர்கள் அதைப் பேசவேண்டும் என்பது அத்தீர்ப்பின் கருத்து. அவர் வாயை அடைத்தால், இழப்பு அவருக்கு மட்டுமல்ல. உண்மை அறிய வேண்டிய ஊருக்கே!

ஆகவே, ஆசிரியரின் பாதுகாப்பு மாணவனின் உடைமை. ஆசானைத் தெய்வமாக்கி வணங்க வேண்டாம். தெய்வத்திடம் எவரும் விளக்கம் சொல்லிக்கொண்டிருப்பதில்லை. ஒருநாள் சூட்டிய மாலையை மறுநாள் ஆற்றில் விட்டுவிடுவார்கள். அவரை மனிதராக மதியுங்கள். மனிதருக்குக் காரணம் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறோம்.

சட்டம் கதவைத் திறந்து வைக்கும். உள்ளே நுழையும் கால் நம்முடையதாக இருக்கவேண்டும். அன்று ஒன்பது பேரும் ஒன்றாக எழுந்து "ஏன்?" என்று கேட்டிருந்தால், நண்பர் பணியில் நிலைத்திருப்பாரோ இல்லையோ, அந்த மாணவியின் முகத்தை நிமிர்ந்து பார்த்திருப்பேன். அவள் கேட்ட கேள்வி இன்னும் வகுப்பறையில் நிற்கிறது. அதை உட்காரச் சொல்ல எனக்கு உரிமையில்லை.