அமுக்குவான் பேய்

உறக்கத்தினின்றும் விழிக்கிறோம், கைகால் அசையவில்லை, நா எழவில்லை, மார்பின்மீது எவரோ ஏறியமர்ந்தாற்போல் மூச்சு முட்டுகிறது. இதனையே மக்கள் அமுக்குவான் பேய் என்பர்.

கனவுறக்கத்தில், கனவின்படி உடல் எழுந்தோடாவண்ணம் மூளையே தசைகளைத் தளர்த்தி வைக்கிறது. அத்தளர்ச்சி நீங்குமுன் அறிவு விழித்துக்கொள்வதே இந்நிலை. சில விநாடிகளிலோ ஓரிரு நிமிடங்களிலோ அது தானே விலகும். உறக்கக் குறைவும் மல்லாந்து படுத்தலும் இதனை மிகுவிக்கும். இரவு ஷிப்டு முடித்துப் பகலில் கண்ணயர்ந்த ஆலைத் தோழர் பலர் இதற்கு ஆளாகி, மந்திரவாதியிடம் கூலியை இழந்ததை நாம் கண்டிருக்கிறோம்.

பேய் பொய், ஆயினும் அச்சம் மெய். அஞ்சினவரை எள்ளி நகைப்போர் அவர்தம் துன்பத்தை மறுக்கின்றனர். தாயத்து விற்போர் அதனை விலையாக்குகின்றனர். இவ்விரண்டும் அறமன்று. அருகிலமர்ந்து, காரணத்தை எடுத்துரைத்து, அயர்ந்த உடலுக்கு வேளை தவறாத உறக்கம் கிடைக்கச் செய்வதே மெய்யான இரக்கமாகும்.